மாற்றக் கூடாதவை

ஜனவரி 6

அன்புள்ள மருமகளுக்கு,

அத்தை எழுதுகிறேன். நான் நன்றாக இருக்கிறேன். நீ நன்றாக இருக்கிறாய் என்பதை உன் கையெழுத்தில் பார்த்தால்தான் எனக்கு நிச்சயம்.

போனில் பேசினால் போதாதா என்று போன தடவை கேட்டாய். போனைப் பேசி வைத்துவிட்டால் கையில் என்ன மிஞ்சுகிறது? காதுச் சூடு மட்டும்தான். கடிதமென்றால் மறுபடி எடுத்துப் பார்க்கலாம். தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு படுக்கிறேன் என்று நினைத்துவிடாதே. பெட்டியில்தான் வைக்கிறேன்.

என் மகன் தவறிப்போய் மூன்று வருடம் ஆகிறது. நீ வேலைக்குப் போய் இரண்டு. உன்னை அனுப்பியவள் நான்தான். "ரெண்டு பொம்பளைங்க ஒரு படத்தைப் பாத்துக்கிட்டே உக்காந்திருந்தா யாருக்கு என்ன லாபம், கிளம்பு" என்று நான்தான் சொன்னேன். அதனால் எப்போது வருவாய் என்று நான் கேட்கப் போவதில்லை. மாடி அறைக்கு வெள்ளையடித்தேன். ஜன்னல் கொக்கியையும் மாற்றினேன். சும்மாதான் சொல்கிறேன்.

கீழே இருக்கும் தையல்காரர் வாரத்துக்கு அறுபது சட்டை அனுப்புகிறார். பொத்தான் ஓட்டைக்குக் காஜா எடுத்து, பொத்தானும் தைப்பதில் பொழுது போய்விடுகிறது. பக்கத்து வீட்டம்மா, "உங்க மருமக என்ன வேலை பாக்குறா?" என்று கேட்டாள். கம்ப்யூட்டரில் எழுதுகிறாள் என்றேன். "என்ன எழுதுறா?" என்றாள். எனக்குத் தெரியவில்லை. அவள் முன்னால் என்னை முழிக்க வைத்துவிட்டாய். விவரமாக எழுது.

அத்தை


ஜனவரி 19

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். எனக்கு ஒரு குறையும் இல்லை. நீங்கள் முழங்கால் வலிக்குத் தைலம் தேய்த்துக்கொள்கிறீர்களா? அதைப் பற்றி ஒரு வரி கூட எழுதவில்லையே.

எங்கள் கம்பெனி கடைகளுக்கான மென்பொருள் செய்கிறது. வாடிக்கையாளர் பெயர், ஆர்டர், அளவு எல்லாவற்றையும் அதில் பதிந்து வைத்துக்கொள்ளலாம். உங்கள் தையல்காரர் வைத்திருப்பது கூட எங்களுடையதுதான். இப்போது அதன் ஏழாம் பதிப்பு வருகிறது. "ஏழாம் பதிப்பு வெளியாகிவிட்டது. முன்னைவிட வேகமானது, எளிதானது, பாதுகாப்பானது. இன்றே மாறிக்கொள்ளுங்கள்" என்று எல்லாக் கடைகளுக்கும் விளம்பரம் போக வேண்டும். ஆயிரக்கணக்கான பேருக்கு ஒரே வாசகத்தை அனுப்பினால் கம்ப்யூட்டரே அதைக் குப்பை என்று ஒதுக்கிவிடுமாம். ஆகவே சொன்னதையே வேறு வேறு சொற்களில் முப்பது விதமாக எழுத வேண்டும். அதுதான் அத்தை, என் வேலை.

வேகம், விரைவு, துரிதம் எல்லாம் தீர்ந்துவிட்டன. பன்னிரண்டில் நிற்கிறேன். பக்கத்து மேசைக்காரர் மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு அதையே மேசையெல்லாம் தேடிக்கொண்டிருந்தார். நான் முழிப்பதைப் பார்த்து, "நீங்க வார்த்தையத் தேடுங்க, நான் கண்ணாடியத் தேடுறேன். யாருக்கு முதல்ல கிடைக்குதுன்னு பாப்போம்" என்றார். ரொம்ப நாளைக்குப் பிறகு அலுவலகத்தில் வாய்விட்டுச் சிரித்தேன்.

லீவு பற்றி மேலாளரிடம் கேட்டிருக்கிறேன். விரைவில் வருவேன்.

உங்கள் மருமகள்


பிப்ரவரி 2

அன்புள்ள மருமகளுக்கு,

சுகமாக இருக்கிறேன். தைலம் தேய்க்கிறேன். போதுமா?

இதென்ன பெரிய வேலை? நான் அஞ்சாம் வகுப்போடு நின்றவள்தான். ஆனால் வார்த்தைக்காக யாரிடமும் போய் நின்றதில்லை. துரிதம் என்று யார் வாயிலாவது வருகிறதா? கண்ணை மூடித் திறப்பதற்குள் என்று போடு. ஒரே மூச்சில், சொல்லி வாய் மூடுவதற்குள், ஊசியில் நூல் கோர்க்கிற நேரத்தில். (என் கண்ணுக்கு இல்லை, உன் கண்ணுக்கு.) எளிது என்பதற்குக் கையைப் பிடித்துக் கூட்டிப்போகிற மாதிரி. பாதுகாப்புக்குப் பெட்டியில் வைத்துப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகிய மாதிரி.

முழுசாக ஒன்று வேண்டுமானால் இதை வைத்துக்கொள்: "பழையதையே கட்டிக்கொண்டு அழுதது போதும். புதியது வாசலில் வந்து நிற்கிறது. உள்ளே கூப்பிடுங்கள்."

ஒரு சந்தேகம். புதியதற்கு மாறினால் பழையதில் எழுதி வைத்ததெல்லாம் என்ன ஆகும்? அதை உன் விளம்பரத்தில் காணோமே. கடைக்காரன் அதைத்தான் முதலில் கேட்பான்.

மாடி ஜன்னலில் இருந்து பார்த்தால் பேருந்து நிற்கிற இடம் இப்போது நன்றாகத் தெரிகிறது. நடுவில் இருந்த மரத்தைக் கழித்துவிட்டார்கள்.

அத்தை


பிப்ரவரி 15

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். நான் நலம். இந்தக் கடிதத்தை நீங்கள் நின்றுகொண்டே படிக்க வேண்டாம், உட்காருங்கள்.

உங்கள் "பழையதையே கட்டிக்கொண்டு" வாசகத்தை மேலாளர் எடுத்துக்கொண்டுவிட்டார். முப்பதில் முதலாவதாக அனுப்பப்போகிறார்கள். "யாரும்மா எழுதினது இத?" என்று கேட்டார். என் அத்தை என்றேன். "அவங்க எங்க வேலை பாக்குறாங்க?" என்றார்!

உங்கள் சந்தேகத்தையும் சொன்னேன். பழையதில் எழுதியது எதுவும் அழியாது அத்தை. புதியதற்குள் அப்படியே வந்துவிடும். அந்த வரியையும் இப்போது சேர்த்துவிட்டோம்.

ஒன்று சொல்ல மறந்தேன். எல்லாச் சொல்லையும் மாற்றலாம் என்றாலும் மூன்றை மட்டும் தொடக் கூடாது. பெயர், தேதி, எண். மென்பொருளின் பெயர், அது வரும் நாள், எத்தனையாவது பதிப்பு என்கிற கணக்கு. அவற்றை மாற்றினால் சேதியே பொய்யாகிவிடும் என்பது எங்கள் விதி.

இங்கே ஒரு வாரமாக மழை. பேருந்தில் உடன் வருகிற ஒருவர் குடை கொடுத்து உதவினார். அறையில் விளக்கு எரியவில்லை, மின்சார வேலை தெரிந்த ஒருவர் வந்து சரிசெய்தார். மெயின் சுவிட்சை அணைக்காமலே கை வைக்கப் போனார். கண்ணாடி நெற்றியில் இருந்ததால் அது தெரியவில்லையாம்! நல்லவேளை, நான் பார்த்தேன்.

லீவு இந்த மாதம் கிடைக்கவில்லை. கூடிய சீக்கிரம் வந்துவிடுவேன்.

உங்கள் மருமகள்


மார்ச் 1

அன்புள்ள மருமகளுக்கு,

எனக்கென்ன, நன்றாக இருக்கிறேன். நன்றாக மட்டுமா, தலைகால் புரியாமல் இருக்கிறேன். நடந்ததைக் கேள்.

நேற்று தையல்காரர் கீழே இருந்து சத்தம் போட்டார். "அம்மா, இங்க வாங்க! கம்பெனிக்காரன் என்னையத் திட்டி அனுப்பியிருக்கான் பாருங்க." மடியில் இருந்த சட்டையைத் தள்ளிவிட்டு இறங்கிப் போனேன். கம்ப்யூட்டரைப் பார்த்துப் படித்தார். "பழையதையே கட்டிக்கொண்டு அழுதது போதும்."

"அது நான் எழுதினது" என்றேன்.

"எது?"

"அதுதான். நீங்க படிச்சது."

சிரித்தார். நான் சிரிக்கவில்லை. அப்புறம் உன் கடிதத்தைக் கொண்டுவந்து காட்டினேன். இரண்டு தடவை படித்துவிட்டு எழுந்து நாற்காலியை எனக்குப் போட்டார். ஆனால் மாறிக்கொள்ள மட்டும் மாட்டாராம். "பதினோரு வருசத்து அளவு இதுல கிடக்கு. போச்சுன்னா யாரு தருவா? நீங்க எழுதினாலும் சரி, வேற யாரு எழுதினாலும் சரி, எனக்குப் பயம்." எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை.

பக்கத்து வீட்டம்மாவிடமும் சொல்லியாயிற்று. கேட்காமலேயே.

அத்தை

பி.கு: வரும்போது சொல்லிவிட்டு வா. சொல்லாமல் வந்தாலும் பரவாயில்லை, சாவி பழைய இடத்தில்தான் இருக்கிறது.


மார்ச் 20

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். உடம்புக்கு ஒன்றுமில்லை. தாமதத்துக்கு மன்னிக்கவும்.

பழைய அறையைக் காலி செய்துவிட்டேன். புதிய விலாசம் மேலே இருக்கிறது. மூன்றாம் மாடி. சாமான் தூக்க ஒரு தெரிந்தவர் துணைக்கு வந்தார். உங்கள் மகன் வாங்கிய மர அலமாரி படி திரும்பும் இடத்தில் சிக்கிக்கொண்டது. "இத அறுத்துடலாமா?" என்று சுமைதூக்குபவர்கள் கேட்டார்கள். அவர் சம்மதிக்கவில்லை. கதவுகளைக் கழற்றி, ஒவ்வொரு திருகாணியையும் காகிதத்தில் பொட்டலம் கட்டி, எந்தக் கதவுக்கு எது என்று எழுதி, மேலே கொண்டுவந்து அப்படியே பூட்டிக் கொடுத்தார். ஒரு நாள் முழுக்கப் போய்விட்டது.

ஏழாம் பதிப்புக்கு இன்னும் முப்பது வாசகம் கேட்கிறார்கள். உங்கள் தையல்காரரைப் போலப் பயப்படுகிறவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை ஒரு நண்பர் வீட்டில் சாப்பிட்டேன், அவருடைய அக்கா சமைத்தார்.

லீவு பார்த்துக்கொண்டிருக்கிறேன். வெகுநாள் ஆகாது, வந்துவிடுவேன்.

உங்கள் மருமகள்


மார்ச் 28

மருமகளுக்கு,

நான் நலம்.

உன் வேலையை எனக்கும் பழக்கிவிட்டாய். மடியில் சட்டை இருந்தாலும் மனசு வார்த்தையையே புரட்டிக்கொண்டிருக்கிறது. நேற்று உன் கடிதங்களை எல்லாம் எடுத்து வரிசையாக வைத்துப் படித்தேன்.

பக்கத்து மேசைக்காரர். பேருந்தில் உடன் வருகிறவர். மின்சார வேலை தெரிந்தவர். ஒரு தெரிந்தவர். ஒரு நண்பர். ஐந்து பேர். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுத் தேடுகிறவர் ஊரில் எத்தனை பேர் இருப்பார்கள்? ஐந்து பேரும் ஒருவர்தான். ஒரே ஆளை ஐந்து விதமாக எழுதியிருக்கிறாய். கெட்டிக்காரிதான். உன் மேலாளர் பார்த்தால் சம்பளத்தைக் கூட்டிக் கொடுப்பார்.

விரைவில் வருவேன், கூடிய சீக்கிரம் வந்துவிடுவேன், வெகுநாள் ஆகாது. அதையும் பார்த்தேன்.

வேறு விசேஷம் இல்லை.

அத்தை


மே 4

மருமகளுக்கு,

சுகம். அங்கே சுகமா?

ஐந்து வாரம் ஆகிறது. புதிய விலாசத்தைச் சரியாக எழுதினேனா என்று சந்தேகம் வந்தது. மூன்றாம் மாடிதானே? தபால்காரர் நம் தெருவுக்குள் திரும்பும்போது மாடி ஜன்னலில் வேலை ஏதாவது வந்துவிடுகிறது எனக்கு. இன்றைக்குக் கொக்கிக்கு எண்ணெய் போட்டேன்.

போன கடிதத்தில் கோபமாக எழுதினேன் என்று நீ நினைத்திருந்தால், அப்படி ஒன்றும் இல்லை. பொத்தான் ஊசி விரலில் குத்தியிருந்தது. அந்த வலியில் எழுதியது.

அத்தை


மே 19

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். உங்கள் இரு கடிதங்களும் கிடைத்தன. விலாசம் சரிதான். நான் நலமாக இருக்கிறேன். வேலை சற்று அதிகம்.

விரல் ஆறிவிட்டதா?

உங்கள் மருமகள்


ஜூன் 2

அன்புள்ள மருமகளுக்கு,

விரலுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஊசி குத்தவே இல்லை. பொய் சொன்னேன்.

இனி எழுதப்போவது எல்லாம் நடந்தது நடந்தபடி.

நான்கு வரிதான் எழுதியிருந்தாய். அதை வைத்துக்கொண்டு ஒரு வாரம் உட்கார்ந்திருந்தேன். கோபம் இல்லை என்று நான் எழுதியது நிஜம். பயம்தான். அவன் போனபிறகு எனக்கென்று மிஞ்சியது நீ ஒருத்தி. நீயும் இன்னொரு வீட்டுக்குப் போய்விட்டால் மாடி அறைக்கு யாருக்காக வெள்ளையடிப்பேன்? என் மகனைப் பற்றிப் பேச, அவன் தும்மினால் எப்படி இருக்கும் என்று தெரிந்த ஆளாக, உலகத்தில் நாம் இரண்டு பேர்தான் இருக்கிறோம். அதனால் அப்படி எழுதினேன். பெருமைக்காரி, வேறு மாதிரி எழுத வரவில்லை.

போன வியாழக்கிழமை தையல்காரரின் கம்ப்யூட்டர் நின்றேவிட்டது. பழைய பதிப்பு இனிமேல் ஓடாது, மாறித்தான் ஆக வேண்டும் என்று உங்கள் கம்பெனியில் சொல்லிவிட்டார்கள். மனுஷன் பொத்தானை அழுத்த மாட்டேன் என்று கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். நான் போய், "அழுத்துங்க, எதுவும் அழியாதுன்னு என் மருமக எழுதியிருக்கா" என்றேன்.

"அழிஞ்சா?"

"அழிஞ்சா நான் வீடு வீடாப் போய் எல்லாருக்கும் அளவெடுத்துட்டு வர்றேன்."

"நீங்கதானே எழுதினீங்க, பழசையே கட்டிக்கிட்டு அழுதது போதும்னு. உங்க வார்த்தைய நம்பித்தான் அழுத்துறேன்" என்று சொல்லிவிட்டு அழுத்தினார்.

அரை மணி நேரம் ஒரு கோடு ஊர்ந்து ஊர்ந்து போனது. இரண்டு பேரும் டீயைக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமல் இருந்தோம். முடிந்ததும் அவர் எழுதிப் பார்த்த முதல் பெயர் என்ன தெரியுமா? நான் பக்கத்தில் நிற்கிறேன் என்பதாலோ என்னவோ, என் வீட்டைப் போட்டார். திரையில் வந்தது. என் மகன் பெயர். தோள் பதினெட்டு. கை இருபத்துநாலரை. கழுத்து பதினைந்தரை. பக்கத்தில் ஒரு குறிப்பு: இடது தோள் சற்று இறக்கம். பள்ளிக்கூடப் பையை ஒரே பக்கம் மாட்டிக்கொண்டு திரிவான். எத்தனை அடித்திருப்பேன் அதற்காக.

ஒரு இம்மிகூடக் குறையவில்லை, கண்ணு. எல்லாம் அப்படியே இருந்தது. புதியதற்குள் இருந்தது. தையல்காரர் நான் அழுவதைப் பார்க்காத மாதிரி கத்தரிக்கோலைத் தேடினார். அவர் கையிலேயே இருந்தது.

மேலே வந்து படத்தின் முன்னால் உட்கார்ந்தேன். நான் எழுதிய வாசகத்தை நானே ஒரு தடவை சொல்லிப் பார்த்தேன். வாசலில் வந்து நிற்கிறவரை உள்ளே கூப்பிடுங்கள் என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டு, என் வீட்டுக் கதவை நானே சாத்தி வைத்திருக்கிறேன்.

என் மகன் வாங்கிய அலமாரியை அறுக்கவிடாத ஆள் அவர். அந்த இடத்தில் நீ நிறைய வரி எழுதியிருந்தாய். நான் அதைப் படிக்காத மாதிரி விட்டுவிட்டேன்.

எனக்கு மூன்று விஷயம் வேண்டும். உன் கம்பெனியில் மாற்றக் கூடாது என்பார்களே, அந்த மூன்று. அவர் பெயர். நீங்கள் வருகிற தேதி. எந்தப் பெட்டி, எந்த இருக்கை என்கிற எண். மற்றதை எப்படி வேண்டுமானாலும் எழுதிக்கொள்.

அத்தை


ஜூன் 14

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். நான் நலமாக இல்லை. உங்கள் கடிதத்தைப் படித்ததில் இருந்து அழுதுகொண்டே இருக்கிறேன். அலுவலகத்தில் கண்வலி என்று சொல்லியிருக்கிறேன்.

முப்பது விதமாக எழுதத் தெரிந்த எனக்கு, உங்களிடம் சொல்ல ஒரு விதம் தெரியவில்லை. நான்கு கடிதம் எழுதிக் கிழித்தேன். லீவு டிசம்பரிலேயே கிடைத்துவிட்டது அத்தை. வந்தால் உங்கள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும், சொன்னால் உங்களை இழந்துவிடுவேன் என்று வராமல் இருந்தேன். கோடையில் ஒருநாள் டிக்கெட் வாங்கிக்கொண்டு நிலையம் வரை போய், வண்டி புறப்படுவதைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன்.

அவரிடம் ஒரு வருடமாக ஒரே பதில்தான் சொல்லிவருகிறேன். அத்தை சம்மதிக்காமல் கல்யாணம் இல்லை என்று. "அவங்ககிட்ட கேட்டீங்களா?" என்பார். கேட்கவில்லை என்பேன். "அப்ப நான் காத்திருக்கேன்" என்று கண்ணாடியைத் தேடப் போய்விடுவார்.

நீங்கள் கேட்ட மூன்று:

தேதி, ஜூலை 9, புதன்கிழமை காலை.

எண், நான்காம் பெட்டி, இருக்கைகள் 31, 32. நிலையத்தில் இருந்து பேருந்தில் வருவோம்.

பெயரைத் தனிச் சீட்டில் அவர் கையாலேயே எழுதச் சொல்லி இத்துடன் வைத்திருக்கிறேன்.

உங்கள்


ஜூன் 25

அன்புள்ள மருமகளுக்கு,

நான் நன்றாக இருக்கிறேன். இந்தத் தடவை நிஜமாகவே.

சீட்டு வந்தது. எழுத்து கொஞ்சம் சாய்கிறது. ஆனால் அடித்தல் திருத்தல் இல்லை. நல்ல பெயர். சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன், படத்தின் முன்னாலேயே.

கடிதக் கடைசியில் "உங்கள்" என்று எழுதிவிட்டு நிறுத்தியிருக்கிறாய். அடுத்து என்ன போடுவது என்று தெரியவில்லையாக்கும். மருமகள் என்று போடு. அதற்கு வேறு வார்த்தை தேடிக்கொண்டு திரியாதே. அது மாற்றக் கூடாதது. உங்கள் விதியில் நான்காவதாகச் சேர்த்துக்கொள்ளச் சொல் மேலாளரிடம்.

நீ கேட்காததற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். படத்தை எடுக்க மாட்டேன். வருகிறவர் அதைப் பார்த்துவிட்டு உட்காரட்டும். இருக்கிற நாற்காலி பற்றாது என்று அவருக்குப் போட இன்னொன்று வாங்கினேன். தலையணை உறை மூன்றும் துவைத்தாயிற்று. பக்கத்து வீட்டம்மா, "யாரு வர்றாங்க?" என்றாள். "எங்க வீட்டு ஆளுங்க" என்றேன். அதற்கு மேல் அவளுக்கு எதற்கு?

வந்த அன்றைக்கே அவருக்குச் சட்டைக்கு அளவெடுக்க வேண்டும் என்று தையல்காரரிடம் சொல்லியிருக்கிறேன். "யார் பேர்ல பதியட்டும்?" என்றார். சீட்டைக் காட்டினேன். அவர் கம்ப்யூட்டரில் என் வீட்டைத் திறந்து, மகன் பெயருக்குக் கீழே இருந்த அடுத்த வரியில், ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துப் பார்த்துப் பதிந்தார்.

பெயர் மட்டும்தான் இருக்கிறது. தோள், கை, கழுத்து எல்லாம் காலியாகக் கிடக்கிறது. புதன்கிழமை காலை மாடி ஜன்னலில்தான் இருப்பேன், வேலை எதுவும் இல்லாமலே. கண்ணாடியை மறக்காமல் எடுத்து வரச் சொல். நெற்றியில் பார்க்கச் சொல்.

காஜா நான்தான் எடுப்பேன்.

அத்தை